காற்றுக்கும் சோற்றுக்கும் ஒரே வாசல்

பரந்தனில் மோட்டார் சைக்கிள் திருத்துகிற ஒருவரிடம் ஒரு மாரி முழுக்க வேலை செய்தேன். ஒல்லியான ஆள். தொண்டைமுடிச்சு மட்டும் கோழிமுட்டை அளவுக்குத் துருத்திக்கொண்டிருக்கும். பெற்றோல் கிடைக்காத காலம் அது. எந்த மோட்டார் சைக்கிளையும் மண்ணெண்ணெயில் ஓடவைத்துவிடுவார்.

சோற்றுக்கு முன் இருந்தால்தான் அவருக்குக் கதை வரும். வாய் நிறையச் சோற்றோடு கதைத்து அடிக்கடி புரைக்கேறிவிடும். மனைவி ஓடிவந்து உச்சந்தலையில் தட்டுவா.

"வாயை மூடிக்கொண்டு சாப்பிடுங்கோ எண்டால் கேக்கிறியளே?"

"நான் என்ன செய்ய? காத்துக்கும் சோத்துக்கும் ஒரே வாசலை வைச்சுப் படைச்சிருக்கு. நானெண்டால் ரெண்டு குழாய் போட்டிருப்பன்."

பிறகு குரலைத் தணித்து மனைவியிடம் கேட்பார்: "ஆரப்பா நினைக்கிறது?"

"வேற ஆர்? மகள்தான்."

மகளை யாழ்ப்பாணத்தில் கட்டிக்கொடுத்திருந்தார்கள். சண்டையில் பாதை பூட்டிய பிறகு அவளிடமிருந்து ஒரு கடிதமும் இல்லை. புரைக்கேறினால் யாரோ நினைக்கிறார்கள் என்பது எங்கள் ஆட்களின் நம்பிக்கை. அவர்களுக்கு வந்துகொண்டிருந்த செய்தி அது ஒன்றுதான்.

ஒருமுறை பல நாளாக அவருக்குப் புரைக்கேறவில்லை.

"அண்ணை, குழாயைத் திருத்திப் போட்டியள் போல," என்றேன். அவர் சிரிக்கவில்லை. சோற்றைப் பிசைந்தபடி இருந்தார்.

அடுத்த நாள் மனைவி குழம்பில் செத்தல் மிளகாய்த் தூளை அள்ளிப் போடுவதைக் கண்டேன். முதல் வாயிலேயே அவருக்கு ஏறியது. கண்ணீர் வழிய இருமினார்.

"இருக்கிறாளப்பா!"

அவா தலையில் தட்டிக்கொண்டே, "ஓம், இருக்கிறாள்," என்றா. என் பக்கம் திரும்பவேயில்லை.

மாரி முடிய நான் வேறு ஊருக்குப் போய்விட்டேன். சாப்பிடும்போது சிலவேளை அவர் நினைவு வரும். நன்றாக நினைத்துக்கொள்வேன். அவருக்கு ஒருமுறை புரைக்கேறட்டும்.