இருபத்து நாலாவது கிலோமீட்டரில் ஒரு நடவு வயல்

போன வருடம் குறுவை நடவு சமயம், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. திருக்காட்டுப்பள்ளியிலிருந்து திருவையாறு போகும் சாலையில் தன்னந்தனியாக ஓடிக்கொண்டிருந்தேன். நாற்பத்தொரு வயதில் ஒரு டீச்சருக்கு இது தேவையா என்று கேட்காதீர்கள். என் வீட்டுக்காரர் ஏற்கெனவே கேட்டுவிட்டார். முழு மாரத்தானுக்குப் பெயர் கொடுத்திருந்தேன். அதற்கு முன்னால் ஒரு தடவையாவது முப்பது கிலோமீட்டர் ஓடிப் பார்த்துவிட வேண்டும். இரண்டு முறை முயன்று, இரண்டு முறையும் இருபத்து நாலில் உட்கார்ந்துவிட்டேன். அன்றும் முடியாவிட்டால் பெயரை வாபஸ் வாங்கிவிடுவது என்று முடிவு.

பதினைந்தில் திரும்பினேன். இருபது வரை ஒரே குஷி. அப்புறம் பேச ஆளில்லாத சாலையில் மனசு பேச ஆரம்பித்தது. 'உன்னை யாரு ஓடச் சொன்னா? உட்காரு, பஸ் வரும்.' ஓடிய தூரத்தைக் காட்டும் கைக்கடிகாரத்தை நொடிக்கொரு தரம் பார்த்தேன். தூரம் நகரவே இல்லை.

சரியாக இருபத்து நாலில் கால் நின்றுவிட்டது. அழுகை முட்டிக்கொண்டு வந்தது. பக்கத்து வயலில் நட்டுக்கொண்டிருந்த பெண்களில் ஒருவர், என் வயதுதான் இருக்கும், நாற்றைப் போட்டுவிட்டுச் சேற்றுக் காலோடு ஓடிவந்தார். எங்கள் பக்கம் ஒரு பெண் ஓடிவந்து அழுதுகொண்டு நின்றால் சாவுச் சேதி என்றுதான் நினைப்பார்கள்.

"யாருக்கு என்னாச்சுங்க? எந்த ஊரு போவணும்? எங்க வீட்டுக்காரர வண்டியில கொண்டுபோயி விடச் சொல்றேன்."

"யாருக்கும் ஒண்ணுமில்லைங்க. சும்மாதான் ஓடுறேன். இன்னும் ஆறு கிலோமீட்டர் இருக்கு, முடியல."

வயலே சிரித்தது. எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அவர் தண்ணீர் கொடுத்தார். குடிக்கும்போதும் நான் கடிகாரத்தைப் பார்ப்பதைக் கவனித்துவிட்டார்.

"அத ஏங்க பாத்துக்கிட்டே இருக்கீங்க? நாங்க பின்னாலயே நகந்து நடுறோம். வரப்பு எங்க இருக்குன்னு திரும்பிப் பாத்தா இடுப்பு விட்டுப்போயிடும். கையில உள்ள நாத்து முடி தீந்தா அடுத்த முடி, அவ்வளவுதான்."

கடிகாரத்தைக் கழற்றிப் பைக்குள் போட்டேன். அடுத்த மின்கம்பம் வரை ஓடினேன். பிறகு அதற்கு அடுத்தது. வலி போகவில்லை, ஆனால் மனசு வாயை மூடிக்கொண்டது. ஊருக்குள் வந்து கடிகாரத்தை எடுத்தால் முப்பதரை! நடுத்தெருவில் துள்ளிக் குதித்தேன். டீக்கடையில் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள், பார்க்கட்டுமே.

மாரத்தானையும் முடித்தேன். பள்ளியில் மாலை போட்டுக் கைதட்டினார்கள். எனக்குக் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருந்தது. நாளெல்லாம் வெயிலில் குனிந்து நின்று நடும் அந்தப் பெண்களுக்கு இதுவரை யாரும், நான் உட்பட, ஒரு தடவைகூடக் கைதட்டியதில்லை.