கோர்ட்டு லீவுல கட்டின செவுரு

எனக்கு மூக்கு மேல கோவம். இப்பக் கொஞ்சம் கம்மி, அப்ப ரொம்ப ஜாஸ்தி. அந்தக் கோவத்துல என் சர்க்கார் வேலையே போயிருக்கும். போகாம காப்பாத்தினது, என் மேல கேஸ் போட்ட எங்க அக்காதான். அவள மாதிரி ஒரு மனுஷி இந்தத் திருவண்ணாமலையில இன்னொருத்தி கெடையாது, யார் கேட்டாலும் சொல்லுவேன்.

எண்பத்தொம்பதுல, கல்யாணம் ஆகாத பொண்ணுக்கும் பூர்வீகச் சொத்துல சரிபங்குன்னு சட்டம் வந்துச்சு. அக்கா கல்யாணமே பண்ணிக்காம அம்மாவக் கடைசி வரைக்கும் பாத்துக்கிட்டவ. அம்மா போன அடுத்த வருஷம், "வீட்டுல என் பாதியப் பிரிச்சுக் குடுடா"ன்னு கேட்டா. எனக்குச் சுர்ருனு ஏறிடுச்சு. "போய் கோர்ட்டுல பாத்துக்க"ன்னேன். பாத்துக்கிட்டா. கேஸ் முடியற வரைக்கும் வீடு இருக்கறபடியே இருக்கணும், ஒரு செங்கல்லக்கூட அசைக்கக் கூடாதுன்னு கோர்ட்டுல தடை போட்டாங்க. முன்கட்டுல நான், பின்கட்டுல அவ. மாடிப்படி நடுவுல, ரெண்டு பேருக்கும் அது ஒண்ணுதான்.

அந்த வருஷம் கார்த்திகை தீபத்துக்கு கோர்ட்டுக்கு லீவு விட்டாங்க. கோர்ட்டுக்கு லீவுன்னா ஆர்டருக்கும் லீவுதான்னு நெனச்ச ஒரே ஆள் நானாத்தான் இருப்பேன். வேங்கிக்கால் சர்க்கார் ஆபீஸ்ல ஃபைல் பொரட்டற கிளார்க்குக்கு அவ்ளோதான் சட்ட அறிவு! ஒரு கொத்தனாரப் புடிச்சு, அக்கா பக்கத்துலேருந்து படிக்குப் போற வழிய ஒரே பகல்ல செங்கல் வெச்சு அடைச்சுட்டேன்.

எங்க ஊர்ல மலையில தீபம் தெரிஞ்ச அப்புறம்தான் வீட்டு வெளக்க ஏத்துவோம். எங்க வீட்டுல மாடியிலேருந்து தீபத்தப் பாத்துட்டு எறங்கி வந்து ஏத்தறது அக்காதான். சின்ன வயசுல என்ன இடுப்புல தூக்கி வெச்சுக்கிட்டு மலையக் காட்டினவளும் அவதான். அன்னிக்கி நான் மாடியில நின்னு அரோகரா போட்டுட்டு எட்டிப் பாத்தா, அவ மலை தெரியாத பின்வாசல்ல அகல் தட்டோட நிக்கறா. ஒரு அகலும் எரியல. ஜெயிச்சுட்டேன்னு சிரிச்சேன். சனியன் புடிச்ச சிரிப்பு!

லீவு முடிஞ்சதும் கோர்ட் அவமதிப்பு மனு வந்து விழுந்துச்சு. என் வக்கீல் தலையில அடிச்சுக்கிட்டாரு. "ஜெயில்ல போட்டா வேலை போயிடும்யா. செவுரு பழசுன்னு அந்தக் கொத்தனாரையே சொல்ல வெச்சிடலாம்"னாரு. ரெண்டு புள்ளைங்க, என் சம்பளத்த விட்டா வேற கதியில்ல. சரின்னு தலையாட்டிட்டேன்.

வாய்தா அன்னிக்கி கோர்ட்டு வராந்தாவுல கொத்தனார் கைய பெசஞ்சுக்கிட்டு நின்னாரு. அக்காவுக்குப் புரிஞ்சிடுச்சு. நேரா என்கிட்ட வந்தா.

"அந்தாள எதுக்குடா பொய் சொல்ல வைக்கற? செவுர உன் கையால இடி. தப்புன்னு ஒத்துக்க. நாம ராஜி ஆயிடலாம்."

அவ வக்கீல் குறுக்க பூந்தாரு. "அம்மா, இதான் சமயம். மாடி முழுசும் எழுதி வாங்கிடலாம்."

"மெரட்டி வாங்கின மாடியில என் கால் ஏறாதுங்க. ஆளுக்குப் பாதி, படி பொது. அவ்ளோதான்"னுட்டா. அடேங்கப்பா!

ஜட்ஜ் அவ்ளோ லேசுல விடல. "நீங்க ரெண்டு பேரும் ராஜியானா ஆச்சா? அவமதிச்சது கோர்ட்ட இல்லியா?"ன்னாரு.

அக்கா முன்னால போய் நின்னா. "வாஸ்தவம்ங்கய்யா. ஆனா அன்னிக்கி வெளக்கு ஏத்தாம நின்னது நான். நானே மன்னிச்சுட்டேன்."

அப்புறம் ஜட்ஜ், மொதல்ல செவுர இடிச்சுட்டு மன்னிப்பு எழுதிக்கிட்டு வான்னு வாய்தா குடுத்தாரு. ரெண்டு நாள் இடிச்சேன், கையெல்லாம் கொப்புளம். அக்கா சொம்புல மோர் கொண்டாந்து வெச்சுட்டுப் போனா. அடுத்த வாய்தாவுல அந்த மனுவும் முடிஞ்சுது, பங்கு கேஸும் அவ சொன்னபடியே ராஜியாச்சு.

ரெண்டாயிரத்துக்கு அப்புறம் ரிடையர் ஆனேன். ஆபீஸ்காரங்க மாலையும் கழுத்துமா ஜீப்புல கொண்டாந்து வாசல்ல எறக்கினாங்க. நேரா பின்கட்டுக்குப் போய், மாலையக் கழட்டி அக்கா கழுத்துல போட்டேன். "இது உன்னுதுக்கா"ன்னேன்.

"சீ, அசடு"ன்னா. "உன்ன ஜெயிலுக்கு அனுப்பிட்டு, நான் மட்டும் மாடியில நின்னு யாருக்குடா தீபம் காட்டறது?"