சந்தில் முளைத்த சூலம்

கோலா சாவா பக்கம் ரப்பர் தோட்டத்தைக் கம்பெனி விற்றபோது, அங்கே வேலை செய்த எங்களுக்குக் கிடைத்த வீடு இது. முன்வாசலில் படிகள் அதிகம். அதனால் என் மனைவியைச் சக்கர நாற்காலியில் உட்காரவைத்து, பின்வாசல் வழியாக, என் வீட்டுக்கும் பக்கத்து வீட்டுக்கும் நடுவிலுள்ள சந்தில்தான் தள்ளிக்கொண்டு போவேன். ஒரு நாள் விட்டு ஒரு நாள் சிரம்பானில் அவளுக்கு டயாலிசிஸ்.

பக்கத்து வீட்டுக்காரன் காருக்குக் கூரை போட்ட நாளிலிருந்தே அவன்மேல் எனக்கு ஒரு கண். சந்தை அவன் பார்க்கிற பார்வையே சரியில்லை. ஒரு வெள்ளிக்கிழமை காலையில் எழுந்து பார்த்தால் சந்துக்குள் செங்கல் மேடை. அதன்மேல் மஞ்சள் பூசிய கல், ஒரு சூலம்.

"கனவுல முனியாண்டி வந்தாருண்ணே. இந்த எடந்தான் வேணும்னு கேட்டாரு," என்றான்.

இத்தனை பெரிய ஊரில் முனியாண்டிக்கு வேறு இடமே கிடைக்கவில்லை, பாவம். அளவெடுத்த மாதிரி என் பக்கம் ஒரு முழம் உள்ளே வந்து நிற்கிறார். நாற்காலி போகாது. வேலி போட்டிருந்தால் பிடுங்கி எறிந்திருப்பேன். சூலத்தில் நம் ஆள் எவன் கை வைப்பான்? அது தெரிந்துதான் நட்டிருக்கிறான். நேராகப் போலீஸ் நிலையத்துக்குப் போய் ரிப்போர்ட் செய்தேன்.

மறுநாள் காலை மலாய்க்கார சார்ஜன் ஒருவர் வந்தார். வந்தவர் அவன் வீட்டு வாசலில் மோட்டார் சைக்கிளை நிறுத்தினார். என்ன பேசினார்களோ, சிரிப்புச் சத்தம் கேட்டது. சந்துக்குள் வந்ததும் சப்பாத்தைக் கழற்றிவிட்டுத் தள்ளியே நின்றார். பயப்படுகிறாரா, பயப்படுவது போல் நடிக்கிறாரா என்று யோசித்தேன்.

எல்லைத் தகராறு நில அலுவலகத்தின் வேலை, அடிதடி நடந்தால்தான் தன் வேலை என்றார் மலாயில். நான் உடைத்தால் என்னைத்தான் பிடிக்க வேண்டி வருமாம். பிறகு மேடையில் இருந்த அகல்விளக்கைக் காட்டி, யார் ஏற்றியது என்று கேட்டார்.

பக்கத்து வீட்டுக்காரன் என்னைப் பார்த்தான். "அண்ணிதாண்ணே நேத்து சாயங்காலம் ஏத்துனாங்க. நான் ஒண்ணும் கூப்புடல லா."

பின்வாசலில் நாற்காலியில் இருந்த என் மனைவி தலையைக் குனிந்துகொண்டாள். "வெள்ளிக்கெழமங்க. சாமிய இருட்டுல விட மனசு வரல."

மனைவி கும்பிடுகிற சாமியையா எடுக்கச் சொல்கிறாய் என்று சார்ஜன் கேட்டார். சப்பாத்தை மாட்டிக்கொண்டு அவர் போய்விட்டார். இவளையும் அவன்தான் பேசி மயக்கியிருப்பான் என்று அப்போதும் சந்தேகப்பட்டேன்.

டயாலிசிசுக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. "முன்பக்கமா தூக்கிட்டுப் போயிடுவீங்களா?" என்றாள். கனக்கும் என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு தூக்கியவன் தடுமாறிப்போனேன். கையில் கனமே இல்லை. எப்போது இப்படி உருகிப்போனாள்? அடுத்தவன் வீட்டுச் செங்கல்லையே பார்த்துக்கொண்டிருந்த கண்ணுக்கு இது தெரியவில்லை. படியிறங்கும்போது அழுகை வந்துவிட்டது.

"ரொம்பக் கனக்குறேனாங்க?" என்று கேட்டாள்.

"ஆமா," என்றேன்.