சாமைக்குள் புதைத்த கடிகாரம்

நான் ஐந்தாவதோடு படிப்பை விட்டவன். கல்வராயன் மலையில் எனக்கு இரண்டு ஏக்கர் மேட்டு நிலம். சாமை போடுகிறேன். ஓட்டு வீடு. மழை வந்தால் மூன்று இடத்தில் ஒழுகும். அந்த வீட்டில் ஒரு வருஷமாக ஒரு கடிகாரப் பெட்டி இருக்கிறது.

கொண்டுவந்து வைத்தவர் கள்ளக்குறிச்சியில் இருக்கும் ஒரு சார். காலேஜில் பாடம் நடத்தி ஓய்வு பெற்றவர். அவர் வீட்டிலும் அதேபோல ஒரு பெட்டி. காலம் தண்ணீர் மாதிரி ஓடவில்லை, கரும்பு மாதிரி கணுக்கணுவாக இருக்கிறது என்பார். கணு வந்தால் காலம் துளி தயங்குமாம். மேட்டில் கணு தடிப்பாம், பள்ளத்தில் மெல்லிசாம். மலையில் ஒரு கடிகாரம், கீழே ஒரு கடிகாரம் வைத்தால் கணு மாட்டிக்கொள்ளும்.

எனக்கு அது புரிந்தது. கீழே கரும்பு வெட்டப் போயிருக்கிறேன். கணுவில் கத்தி நிற்கும்.

"பொட்டி ஒரே எடத்துல இருக்கணும். ஈரம் படக்கூடாது, சூடு ஆவக்கூடாது. காலைல செல்போன்ல ஆறு அடிச்சதும் பொட்டில இன்னா டைம்னு நோட்டுல எழுதுங்க. அவ்ளோதான்" என்றார்.

தினமும் எழுதினேன். என் மனைவி சும்மா இருப்பாளா?

"எழுந்ததும் பொட்டிய மொறச்சிக்கினு நிக்கிற. ஒரு நாளாவது என் மூஞ்சிய அப்படிப் பாத்துருக்கியாய்யா?"

"உன் மூஞ்சி நகராது" என்றேன்.

சார் மாதம் இரண்டு ஞாயிறு பஸ் ஏறி வருவார். நோட்டைப் பார்ப்பார். வித்தியாசம் இருக்காது. டீ குடித்துவிட்டுப் போவார். வரவரப் பேச்சு குறைந்தது.

ஐப்பசி மழையில் பெட்டி இருந்த பலகை மேலேயே ஒழுகியது. ஈரம் படக்கூடாது என்றால் நாங்கள் சாமை கொட்டி வைக்கும் மண் குதிரில்தான் புதைப்போம். தீப்பெட்டி, மாத்திரை, ரேஷன் கார்டு எல்லாம் மழைக்காலத்தில் அங்கேதான் இருக்கும். பெட்டியையும் புதைத்தேன். காலையில் எடுக்கும்போது கதகதப்பாக இருக்கும், எழுதிவிட்டு மறுபடி புதைத்தேன். நான்கு நாள். மழை விட்டதும் பழைய இடத்தில் வைத்துவிட்டேன்.

ஞாயிறு சார் வந்தார். நோட்டைப் பார்த்தார். மலைக் கடிகாரம் மூன்று செகண்டு பின்தங்கியிருந்தது.

"கணுங்க! கணு வந்துடுச்சி!" என்று என் தோளைப் பிடித்துக்கொண்டார். வியாழக்கிழமை சென்னையில் ஒரு கூட்டம். இருபது வருஷமாக அவரைப் பார்த்துச் சிரித்தவர்கள் எல்லாம் அங்கே வருவார்கள். அவர்கள் முன்னால் இந்த நோட்டை வைக்கப் போகிறேன் என்றார். அன்றைக்குச் சாமைச் சோறு இரண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டார்.

செவ்வாய்க்கிழமை என் மனைவி குதிரில் கைவிட்டுக் கத்தினாள்.

"யோவ், சாமைய காயாமலே கொட்டிட்டியா? உள்ள கொதிக்குதுய்யா!"

நானும் கையை விட்டேன். முழங்கை வரை சூடு. மழைக்குப் பயந்து அரைகுறையாகக் காய்ந்ததை அள்ளிக் கொட்டியது நான்தான். சூடு ஆகக்கூடாது என்று சார் சொன்னது அப்போதுதான் உறைத்தது.

"இன்னாய்யா நின்னுட்ட?"

"அவரோட கணு இதுதான்" என்றேன்.

அவளுக்கும் புரிந்தது. சிரிக்கவில்லை. "போன்ல சொல்லிடேன்."

"போன்ல வாணாம்."

புதன்கிழமை முதல் பஸ்ஸில் இறங்கினேன். சார் வீட்டில் இஸ்திரி போட்ட சட்டை ஆணியில் தொங்கியது. நின்றபடியே சொல்லி முடித்தேன்.

அவர் கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டார். பிறகு, "சூடு எவ்ளோ இருக்கும்?" என்றார்.

"கை வெச்சா எடுத்துக்கலாமான்னு இருக்குங்க."

ஒரு தாளில் ஏதோ போட்டுப் பார்த்தார். பேனாவை வைத்தார்.

"நாலு நாளுக்கு மூணு செகண்டு. சூட்டுல கடிகாரம் மெதுவா ஓடும், கணக்கு சரியா வருது. கணு இல்ல. சாமை."

"என் தப்புதாங்க சார்."

"தப்புதான். நாளைக்கி அங்க எவனாவது கண்டுபுடிச்சிருந்தா நான் காலி. வந்தீங்களே." சட்டையை எடுத்து மடித்துப் பைக்குள் வைத்தார். "போயிட்டு வரேன். சாமை கதைய நானே சொல்லிடுறேன்."

அடுத்த ஞாயிறு ஒரு பிளாஸ்டிக் தார்ப்பாயோடு மலைக்கு வந்தார். முதலில் பெட்டியில் அந்த மூன்று செகண்டைச் சரிசெய்து வைத்தார்.

"சிரிச்சாங்களா சார்?"

"வயிறு வலிக்கச் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். ஒருத்தரு மட்டும், பொட்டிய எடுத்துடாதீங்க, எழுதிக்கினே இருங்கன்னாரு."

இருவரும் கூரைமேல் ஏறித் தார்ப்பாயைக் கட்டினோம். கீழே நின்று என் மனைவி, "சார், அந்தப் பக்கம் கணு கீது, பாத்து கால வைங்க" என்றாள். அவர் சிரித்ததில் ஒரு ஓடு உடைந்தது.

கணு உண்டா என்று கேட்டேன். "உண்டுங்க. இன்னும் வரல" என்றார்.

இன்று காலையும் எழுதினேன். வித்தியாசம் இல்லை. சாமை நன்றாகக் காய்ந்துவிட்டது. ஞாயிறு அவருக்கு அதில்தான் சோறு.