மௌனதாஸ் பண்டிதரின் கல்லறை

சக்குபள்ளத்து ஏலத்தோட்டத்தில் நாங்கள் இருந்த கூலி லயத்து வரிசையில் அடுத்த வீடு பெரியம்மாவுடையது. அவளுக்குப் பிள்ளை இல்லை. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்தால் நான் அங்கேதான் கிடப்பேன். காய் எடுத்து எடுத்துக் கறுத்துப்போன விரலால் என் தலையில் பேன் பார்த்துக்கொண்டே, மலையை மூடுகிற மஞ்சுக்கு மேலே இருக்கிற ஒரு நாட்டைப் பற்றிச் சொல்லுவாள்.

அந்த நாட்டில் வெயிலே கிடையாது. விரலால் மஞ்சில் எழுதினால் எழுத்து அழியாமல் நிற்கும். அங்கே மௌனதாஸ் பண்டிதர் என்று ஒரு பெரிய படிப்பாளி. பிறவி ஊமை. அழக்கூடப் படிக்காமல் அங்கே வந்துசேர்ந்த குழந்தைகளுக்கு அவர்தான் வாத்தியார். மூடின கை என்றால் பசி, சுண்டுவிரல் மட்டும் நீண்டால் அம்மா எங்கே என்று கேட்கிறது. இப்படிக் குழந்தைகளின் கைக்கெல்லாம் அர்த்தம் கண்டுபிடித்து, மஞ்சிலேயே ஒரு அகராதி எழுதினாராம். தன் வம்சத்தின் பெருமையை எழுதிக்கொடு, பல்லக்கு தருகிறேன் என்று அந்த நாட்டு ராஜா ஆள் அனுப்பினான். ராஜாவுக்குத்தான் வாய் இருக்கிறதே, அவரே சொல்லிக்கொள்ளட்டும் என்று பண்டிதர் சைகையிலே பதில் சொல்லி அனுப்பிவிட்டார். இந்த இடத்தில் பெரியம்மாவும் கையை விசிறிக் காட்டுவாள். எனக்குச் சிரிப்பு தாங்காது.

முதல்முதலாக நன்மை வாங்கப்போகிற பிள்ளைகளுக்கான புதுநன்மை வகுப்பில், செத்தவர்கள் பாவம் தீரும்வரை வேகிற உத்தரிக்கிற ஸ்தலத்தைப் பற்றிச் சொல்லிக்கொடுத்த வாரம் எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. வேண்டிக்கொள்ள ஆள் இல்லாத ஆத்துமாக்கள் அங்கேயே கிடக்கும் என்று நினைத்துக்கொண்டேன். பண்டிதருக்கு யார் இருக்கிறார்கள்?

"பெரியம்மா, பண்டிதர் இன்னும் இருக்காரா?"

"அவரும் செத்துத்தான் போனாருட்டி."

"அப்ப பிள்ளைகளுக்கு யாரு பாடம் சொல்லுவா?"

அவள் என் முடியை மெல்லக் கோதிவிட்டாள். "பெருசு சின்னதுக்குச் சொல்லிக்குடுக்கும். அவரு எழுதினது அங்கதான இருக்கு," என்றாள்.

கல்லறைத் திருநாள் வந்தது. மழை விட்டும் விடாமலும் தூறிக்கொண்டிருந்தது. எல்லாரும் அவரவர் கல்லறையில் பூ வைத்து, மெழுகுதிரி கொளுத்தி, சாமியார் வந்து தீர்த்தம் தெளிக்கக் காத்து நின்றார்கள். பண்டிதருக்குக் கல்லறை இல்லையே என்று எனக்கு மனசு கேட்கவில்லை. கல்லறைத் தோட்டத்து வேலிக்கு வெளியே ஒரு முள்முருங்கை மரம். வருஷா வருஷம் பெரியம்மா அதனடியில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டுத்தான் வீட்டுக்கு வருவாள், கால்வலி என்பாள். அவளுக்குப் பிடித்த இடம் என்று அங்கேயே மண்ணைக் குவித்தேன், குச்சியில் சிலுவை கட்டினேன், துண்டு மெழுகுதிரி ஒன்றை நட்டேன். பிறகு போய்ச் சாமியாரின் அங்கியைப் பிடித்து இழுத்தேன்.

"சாமி, வெளிய ஒண்ணு விட்டுப்போச்சு."

யாருடையது என்று அவர் கேட்டார். மௌனதாஸ் பண்டிதர், பிள்ளைகளுக்குப் பாடம் சொன்னவர் என்றேன். பக்கத்தில் நின்ற பெண்கள் சிரித்தார்கள். "ஏட்டி, ஒனக்கு அவரு மாமனாரா?" என்றாள் ஒருத்தி. அம்மா மட்டும் சிரிக்கவில்லை. மரத்தைப் பார்த்தாள், பிறகு பெரியம்மாவைப் பார்த்தாள். பெரியம்மா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வெளியே போய், நான் குவித்த மண்ணுக்குப் பக்கத்தில் ஈரத்திலேயே உட்கார்ந்தாள்.

"தெளிங்க சாமி," என்றாள். "அவரு மட்டும் இல்ல. அவருட்ட படிக்கிற ரெண்டும் இங்கதான் இருக்கு."

சிரிப்பு நின்றது. சாமியார் ஒன்றும் கேட்காமல் வேலியைத் தாண்டி வந்து, வேறெந்தக் கல்லறையிலும் நிற்காத நேரம் அங்கே நின்று ஜெபம் சொன்னார். பெரியம்மா முந்தானையால் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். வீட்டுக்கு வந்ததும் அம்மா என்னை ஒரு அடி அடித்துவிட்டு, கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதாள்.

பிறந்த கையோடு போய்விட்ட, ஞானஸ்நானம் பெறாத குழந்தைகளை அந்தக் காலத்தில் எங்கள் பக்கம் வேலிக்கு வெளியேதான் அடக்கினார்கள். இதை அம்மா எனக்குச் சொன்னது என் மூத்தவளுக்கு ஞானஸ்நானம் முடிந்த அன்றைக்கு. இப்போது எங்கள் குடும்ப ஜெபத்தில் பெரியம்மாவின் அந்த இரண்டு பேரையும் சேர்த்துக்கொள்கிறேன். பண்டிதரையும்தான். ஆண்டவர் கோபிக்கமாட்டார்.

ஆனால் அன்றைக்கு எனக்கு ஒன்றும் தெரியாது. பண்டிதருக்காகத்தான் பெரியம்மா அழுகிறாள் என்று பெருமைப்பட்டேன். அதற்குப் பிறகு அவள் அந்தக் கதையைச் சொல்லவே இல்லை. கேட்டால், வேலை கிடக்கு என்று எழுந்துபோவாள். அடுத்த வருஷம் முள்முருங்கை அடியில் அவள் மெழுகுதிரி கொளுத்தினாள். இரண்டே இரண்டு. பண்டிதரை அதற்குள் மறந்துவிட்டாளே என்று எனக்குக் கோபம் கோபமாக வந்தது. லயம் வந்து சேரும்வரை அவளோடு பேசவில்லை.