வெள்ளிக்கிழமைத் தண்ணீரில் ஒரு வாய்

அருமனையில் எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசைமேல் ஒரு விடுமுறை முழுவதும் மைக்ராஸ்கோப் ஒன்று இருந்தது. விலங்கியல் ஆசிரியையான நான் பள்ளியிலிருந்து அதைத் துடைத்துச் சரிசெய்வதற்காகக் கொண்டுவந்தேன் என்பதுதான் வெளியே சொன்ன காரணம். உள்ளுக்குள் வேறொரு திட்டம் இருந்தது. என் மகளுக்கு அடிக்கடி வயிறு கெட்டுக்கொண்டிருந்தது. தண்ணீரைக் கொதிக்க வைப்போம் என்றால் மாமியாருக்குப் பொறுக்காது. மணமாகி வந்த நாள்முதல் அவர் குடித்துவரும் கிணறு அது. அதைச் சந்தேகப்பட்டால் அவரையே சந்தேகப்பட்டதுபோல முகம் சுருங்கிவிடும்.

ஒரு வியாழன் மாலை, இலை அழுகிக் கிடந்த அந்தக் கிணற்றுநீரில் ஒரு சொட்டை வைத்து அவரைப் பார்க்கச் சொன்னேன். செருப்பு வடிவத்தில் பரமீசியம் என்ற ஒற்றைச் செல் உயிர் ஒன்று நீந்திக்கொண்டிருந்தது. அதன் பக்கவாட்டில் இருந்த பள்ளம்தான் வாய், சுற்றியுள்ள நுண்ணிழைகள் அசைந்து அசைந்து இரையை உள்ளே தள்ளும் என்று விளக்கினேன். அது நமக்கு ஒரு நோயும் தராத அப்பிராணி என்பதை மட்டும் சொல்லவில்லை.

"ஏட்டி, இதுக்கு வாயி உண்டா?"

"உண்டு மாமி."

"பல்லு?"

"இல்ல."

"பல்லில்லாட்டியும் வாயி வாயிதானே," என்றவரின் முகம் வெளுத்துவிட்டது. நோய்க்குப் பயப்படுவார் என்று நினைத்தேன். அவர் பயந்ததோ வேறொன்றுக்கு. வெள்ளிக்கிழமைகளில் வெறும் தண்ணீர் குடித்து விரதம் இருப்பவர் அவர். "வாயுள்ள சீவனையா இத்தன வெள்ளியும் குடிச்சேன்? எனக்க விரதமெல்லாம் போச்சே!"

சற்று நேரம் அழுதார். பிறகு சட்டென்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். அடுத்த வீட்டில் இருந்த அவருடைய ஓரகத்தி, என் சின்ன மாமி, அதே கிணற்றில்தான் நீர் இறைப்பார். அவரும் வெள்ளி விரதக்காரர். எல்லையில் நின்ற ஒரு பலாமரத்துக்காக இருவரும் பேச்சை நிறுத்தி நான்கு வருடம் ஆகியிருந்தது.

"போயி அவளக் கூட்டிட்டு வா. அவளுக்க விரதமும் போனத அவ பாக்கட்டு."

சின்ன மாமி வந்தார், குனிந்தார், வெகுநேரம் நிமிரவே இல்லை. கடைசியில் என்னிடம் மெல்லிய குரலில், "கொதிக்க வச்சாப் போராதா?" என்று கேட்டார்.

நான் வாய் திறப்பதற்குள் மாமியார் பாய்ந்தார். "செத்த மீனு சைவமாட்டி?"

நான்கு வருடத்துக்குப் பிறகு அவர்கள் பேசிக்கொண்ட முதல் வார்த்தை அதுதான். பிறகு நிற்கவில்லை. ஆளுக்கு இரண்டு கிளாஸ் பால் சேர்க்காத கட்டன் சாயா இறங்கியபின் ஒரு முடிவுக்கு வந்தார்கள். மற்ற நாட்களில் தண்ணீரைக் கொதிக்க வைத்துக் குடிக்கலாம், எப்படியும் அந்த நாட்களில் வீட்டில் மீன்குழம்புதான். வெள்ளிக்கிழமை மட்டும் இளநீர். கேட்டு நின்ற நான் மகளின் வயிற்றை நினைத்து ஆறுதலடைந்தேன். பலாமரத்தைப் பற்றி இருவருமே மூச்சு விடவில்லை.

மறுநாள் காலை இருவரும் எங்கள் அடுக்களையில் அருகருகே உட்கார்ந்து இளநீர் வெட்டிக்கொண்டிருந்தார்கள். ஆசிரியைப் புத்தி என்னைச் சும்மா விடவில்லை. "இதுலயும் ஒரு சொட்டு வச்சுப் பாக்கட்டா மாமி?" என்றேன்.

இருவரும் ஒரே குரலில் அலறினார்கள். "பாக்காண்டாம் மக்கா!"