டைல்ஸ் எட்டிய தூரம்

என் அக்கா இருக்கும் தெருவில் அவள் வீட்டுக்காரரைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறவர்கள் யாருமில்லை. "சொந்த வீடு வர்றாரு, வழி விடுங்கப்பா" என்பார்கள். "என்ன சொந்த வீடு, டீ ஆச்சா?" என்பார்கள். காரணம் அவரேதான். மழை வந்தால், "நமக்கென்ன, சொந்த வீடு" என்பார். யாராவது வாடகை ஏறிவிட்டதென்று புலம்பினால் பக்கத்தில் போய் நின்று, "இதுக்குத்தான் சொந்த வீடு வேணுங்கறது" என்பார். வெந்த புண்ணில் வேலைப் பாய்ச்சுகிறோம் என்பதுகூடத் தெரியாத வெள்ளை மனசு. எனக்கு மாமா முறை. அக்காவைக் கட்டிக்கொண்ட அன்றே என் வாயையும் சேர்த்துக் கட்டிக்கொண்டார் என்று அக்கா சொல்லுவாள்.

டைல்ஸ் பதிப்பது அவர் தொழில். அவர் போட்ட தரையில் ஒரு கோலிக்குண்டை வைத்தால் வைத்த இடத்திலேயே இருக்கும், அசையாது. ஊரில் பாதி வீடுகளுக்கு அப்படித் தரை போட்ட மனிதரின் சொந்த வீட்டில் வெறும் சிமெண்டுத் தரை. மனை வாங்கியதில் கையிருப்பும் அக்காவின் நகையும் போய்விட்டன. வீடு கட்டியது முழுக்க பாங்க் கடன். எண்ணூறு சதுர அடி வீடு, இருபது லட்சம், இருபது வருஷம். சுவர்ப் பூச்சு முடிந்த அன்று பணமும் முடிந்தது.

"ஏன் மாமா, ஊருக்கெல்லாம் பளபளன்னு போடறீங்க, அக்கா மட்டும் சிமெண்டுல நடக்கணுமா?" என்று கேட்பேன்.

"என்ன அவசரம்? நம்ம வீடுதானே, எப்ப வேணா போட்டுக்கலாம்" என்பார்.

அப்போது அவருக்கு நாற்பது வயது. அறுபதில் கடன் முடியும், அப்புறம் காலை நீட்டிக்கொண்டு உட்காரலாம் என்பது கணக்கு. கணக்கில் அவர் சேர்க்காதது அந்தக் காலைத்தான். டைல்ஸ் வேலை முட்டி போட்டுச் செய்கிற வேலை. இருபது வயதிலிருந்து ரப்பர் சுத்தியலும் ரசமட்டமுமாக முட்டியிலேயே வாழ்ந்தவர். நாற்பத்தைந்தில் ஒருநாள் குளியலறையில் குனிந்தவர் எழுந்திருக்க முடியாமல் அக்காவைக் கூப்பிட்டார். டாக்டர் படம் எடுத்துப் பார்த்துவிட்டு, பக்குவமாக வைத்துக்கொண்டால் இன்னும் பத்துப் பன்னிரண்டு வருஷம் ஓட்டலாம், அதற்குமேல் முட்டி போடுகிற வேலை கூடாது என்று சொல்லிவிட்டார்.

மாமா அசரவில்லை. மாடியில் ஒரு அறை எடுத்து வாடகைக்கு விட்டால், முட்டி ஓய்ந்த பிறகு வருகிற தவணைகளை வாடகையே கட்டிவிடும் என்றார். மாடி எடுக்கக் காசு? அதே பாங்கில் மேற்கொண்டு கடன். "அஞ்சு வருஷம் ஒரு தவணை தவறாம கட்டியிருக்கேன். கூப்பிட்டுக் குடுப்பான்" என்றார்.

அந்த பாங்கின் மேல் அவருக்கு அப்படியொரு பாசம். நடுவில் மூன்று முறை வட்டி ஏறியது. மூன்று முறையும் அவர் போனுக்குச் செய்தி வந்தது: வட்டி விகிதம் உயர்ந்துள்ளது, உங்கள் மாதத் தவணையில் மாற்றமில்லை. மாற்றமில்லை என்ற சொல்லோடு படிப்பதை நிறுத்திவிட்டு, மூன்று முறையும் வேலை செய்கிற இடத்தில் எல்லோருக்கும் டீயும் பன்னும் வாங்கிக் கொடுத்தார். "ஊரெல்லாம் வட்டி ஏறுதாம், நமக்கு ஒரு பைசா ஏத்தலை பாரு. தங்கமான பாங்க்" என்றார். மூன்றாவது பன்னை நானும் தின்றிருக்கிறேன். நன்றாகத்தான் இருந்தது.

பாங்குக்கு என்னைக் கூட்டிக்கொண்டு போனார். அக்காவுக்குத் தையல் கம்பெனியில் லீவு கிடைக்கவில்லை. வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று என்னைத் தேர்ந்தெடுத்தார் போலிருக்கிறது. கடன் பிரிவில் ஒரு பெண் இருந்தாள், கண்ணாடி போட்டவள், பொறுமைசாலி. கம்ப்யூட்டரைத் தட்டிப் பார்த்துவிட்டு, "சாரி சார், மேற்கொண்டு கடன் தர முடியாது. இப்ப இருக்கிற கடன் முடியறப்பவே உங்களுக்கு அறுபத்தாறு வயசு ஆயிடும்" என்றாள்.

மாமா சிரித்தார். "மேடம், வேற யாரோட கணக்கையோ பாக்கறீங்க. நான் வாங்கினது இருபது வருஷம். அஞ்சு கட்டிட்டேன். இருபதுல அஞ்சு போனா பதினஞ்சு."

"இல்ல சார். இன்னும் இருபத்தோரு வருஷம் இருக்கு."

எனக்கே சிரிப்பு வந்தது. அஞ்சு வருஷம் கட்டினால் இருபது வருஷக் கடன் இருபத்தொன்றாகுமா? கழுதை தேய்ந்து கட்டெறும்பு ஆகும் என்பார்கள். இங்கே கட்டெறும்பு வளர்ந்து கழுதையாகி நின்றது. நான் வாயைத் திறந்தேன், நாலு வார்த்தை கேட்டேன். அந்தப் பெண் கோபிக்கவில்லை. திரையை எங்கள் பக்கம் திருப்பினாள்.

"வட்டி ஏறினப்போ தவணையை ஏத்தலை இல்ல? அதனால வருஷம் நீண்டுருச்சு. உங்களுக்கு அனுப்பின செய்தியிலயே கடைசி வரியில இருக்கும் சார். நீங்க மாசாமாசம் கட்டறதுல முதல்ல அந்த மாசத்து வட்டியைத்தான் எடுப்பாங்க. மிச்சம் இருந்தாத்தான் அசல்ல கழியும். இப்ப நீங்க கட்டற பதினஞ்சாயிரத்து ஐந்நூறுல பதிமூணாயிரத்துக்கு மேல வட்டிக்கே போயிடுது."

"அப்ப இதுவரைக்கும் கட்டினது?" மாமாவின் குரல் இறங்கியிருந்தது.

"ஒம்பது லட்சத்துக்கு மேல கட்டியிருக்கீங்க. அசல்ல குறைஞ்சது ரெண்டே முக்கால் லட்சம். இப்படியே போனா, கடைசியில மொத்தமா நாப்பத்தெட்டு லட்சத்துக்கு மேல கட்டியிருப்பீங்க."

இருபது லட்சத்து வீட்டுக்கு நாற்பத்தெட்டு. வெளியே வந்து டீக்கடையில் நின்றோம். டீ வாங்கியது நான். மூன்று முறை வட்டி ஏறியதற்கு இந்த மனிதர் ஊருக்கே விருந்து வைத்திருக்கிறார் என்று நினைத்தபோது சிரிப்பு வர வேண்டும், வரவில்லை. அவர் முகத்தைப் பார்க்க எனக்கு அழுகைதான் வந்தது. மழையோ வெயிலோ எது வந்தாலும் சொந்த வீடு என்று சொல்லிச் சமாளித்தவரின் கையிலிருந்து அந்த ஒரு சொல்லையும் பிடுங்கிக்கொண்ட மாதிரி இருந்தது.

"அறுபத்தாறு வரைக்கும் முட்டி தாங்காதும்மா" என்றார்.

வீடு திரும்பும்போது தெருவில் யாரோ, "என்ன சொந்த வீடு, மாடி எப்ப?" என்று கேட்டார்கள். மீசையில் மண் ஒட்டாத மாதிரி, "பாப்போம், பாப்போம்" என்றார். அப்புறம் அந்த வாரம் முழுக்க அவர் வாயிலிருந்து சொந்த வீடு என்ற சொல்லே வரவில்லை. அக்கா பயந்துபோய் எனக்குப் போன் செய்தாள். "மழை பேஞ்சுது, அப்பகூட ஒண்ணும் சொல்லலைடி" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை போனேன். வீட்டுச் சாமான்களெல்லாம் சுவரோரம் நகர்த்தப்பட்டிருந்தன. மாமா தொழிலுக்கு வைத்திருக்கும் நூலில் நீலப் பொடியைத் தடவிக்கொண்டிருந்தார். ஒரு முனையை அக்கா பிடித்திருந்தாள். சமையலறை வாசலில் நூலை இழுத்து ஒரு சுண்டு சுண்டினார். சிமெண்டில் நேராக ஒரு நீலக் கோடு விழுந்தது. குளியலறை வாசலில் இன்னொரு கோடு.

"என்ன மாமா, சொத்துப் பிரிக்கறீங்களா?"

"ஆமா. எனக்கும் பாங்குக்கும்" என்றார். "கட்டடத்துக்கு சதுர அடி ரெண்டாயிரத்து ஐந்நூறு ஆச்சு. கழிஞ்ச அசல் ரெண்டே முக்கால் லட்சம். அப்ப நூத்திப் பத்து சதுர அடி நம்மளது. சமையல்கட்டும் குளியலறையும் சரியா வருது. நீ நிக்கற இடம் பாங்குது."

நான் துள்ளிக் குதித்துச் சமையலறைக்குள் போனேன். அக்கா சிரித்துவிட்டாள். ஒரு வாரமாகச் செத்துக்கிடந்த வீட்டில் அதுதான் முதல் சிரிப்பு.

"இப்படியே கட்டினா வருஷத்துக்குப் பத்து சதுர அடி சொச்சம் கழியும்" என்றார் மாமா, தரையைக் கையால் அளந்துகொண்டே. "ஒரு ஆள் ஒருக்களிச்சுப் படுக்கற இடம். அதுக்கு ஒரு வருஷம் பூரா முட்டி போடணும்." யானைப் பசிக்குச் சோளப்பொரி என்று வாய்வரை வந்தது. விழுங்கிக்கொண்டேன்.

அப்போதுதான் அக்கா பேசினாள். அவள் அதிகம் பேசமாட்டாள். எங்கள் இருவர் பங்கையும் நானே பேசிவிடுவதால் அவளுக்கு மிச்சமில்லை.

"ஏங்க, வண்டிக் கடன் அடுத்த மாசத்தோட முடியுது இல்ல?"

"ஆமா. புது வண்டி எடுக்கலாம்னு இருந்தேனே."

"பழசு ஓடுதுல்ல? அந்த நாலாயிரத்து ஐந்நூறையும் வீட்டுத் தவணையோட சேத்துக் கட்டினா என்ன? அஞ்சு வருஷமா அது இல்லாமத்தானே குடும்பம் நடத்தறோம். நமக்குப் புதுசா ஒரு கஷ்டமும் வராது."

மாமா நூலைக் கீழே வைத்தார். புது வண்டி அவருக்கு எவ்வளவு ஆசை என்று எனக்குத் தெரியும். கடை வாசலில் நின்று அதன் சீட்டைத் தடவிப் பார்த்ததை நானே பார்த்திருக்கிறேன்.

"அதுல எத்தனை வருஷம் குறையும்? ஒண்ணா ரெண்டா?" என்றார்.

மறுநாள் அதே கண்ணாடிப் பெண்ணிடம் மூன்று பேரும் போனோம். அக்கா சம்பளத்தைப் பிடித்தால் பிடிக்கட்டும் என்று வந்துவிட்டாள். தவணையை ஏற்றிக்கொள்ளலாமா என்று மாமா கேட்டதும் அந்தப் பெண் நிமிர்ந்து பார்த்தாள். "தாராளமா. யாரும் வந்து கேக்கறதுதான் இல்ல" என்று சொல்லிவிட்டு, இருபதாயிரம் என்று போட்டுத் தட்டினாள். திரையில் எண்கள் மாறின.

"பன்னெண்டு வருஷத்துல முடிஞ்சிரும் சார். இருபத்தோரு வருஷம் வேண்டாம்."

"இன்னொரு தடவை சொல்லுங்க."

"பன்னெண்டு வருஷம். உங்களுக்கு அம்பத்தேழு ஆகறப்ப. பத்து லட்சத்துக்கு மேல மிச்சமாகும்."

ஒரு பழைய வண்டியைத் தொடர்ந்து ஓட்டுவதற்குக் கூலி ஒன்பது வருஷம். மாமா அக்காவைப் பார்த்தார். கல்யாணத்தன்றுகூட அப்படிப் பார்த்ததாக எனக்கு நினைவில்லை. "எனக்கு இருபத்தஞ்சு வருஷமா டேப் பிடிச்சு அளக்கத் தெரியும். அளக்க வேண்டியதை அளக்கலை" என்றார். அக்கா, "சரி சரி, கையெழுத்தைப் போடுங்க, எனக்கு அரை நாள் சம்பளமாவது மிஞ்சட்டும்" என்றாள்.

மாடிப் பேச்சு அதோடு போயிற்று. அதற்குப் பதிலாக வேறொரு வழக்கம் வந்தது. வேலை நடக்கிற இடங்களில் மிஞ்சுகிற டைல்ஸை வீட்டுக்காரர்களிடம் கேட்டு வாங்கிச் சேர்த்தார். முதலில் சமையலறைக்கும் குளியலறைக்கும் போட்டார். பிறகு வருஷத்துக்கு ஒருமுறை, பாங்கில் எவ்வளவு அசல் கழிந்தது என்று கேட்டுவந்து, அத்தனை சதுர அடிக்கு மட்டும் டைல்ஸ் போட்டார். முதல் வருஷம் முப்பத்துமூன்று, அடுத்த வருஷம் அதைவிடக் கூட. வட்டிக்குப் போவது குறையக் குறைய அசலில் கழிவது ஏறிக்கொண்டே வந்தது. அடி மேல் அடி வைத்தால் அம்மியும் நகரும் என்பது பொய்யில்லை. ஒரு வருஷம் சாம்பல் நிறம், ஒரு வருஷம் வெள்ளை, ஒரு வருஷம் பூப்போட்டது. பொருத்தமே இல்லாத தரை. ஆனால் எந்த இடத்திலும் கோலிக்குண்டு உருளாது.

தெருக்காரர்கள் விடுவார்களா? பேரை மாற்றிவிட்டார்கள். "என்ன கால் வீடு, சௌக்கியமா?" என்றார்கள். மாமா கௌரவமாக, "காலுக்கு மேல முப்பது அடி" என்று திருத்துவார். வட்டி இன்னொரு முறை அசைந்தபோது செய்தியைக் கடைசி வரி வரை படித்தார். அதையே டீக்கடையில் நாலு பேருக்குப் படித்தும் காட்டினார். அதில் இரண்டு பேர் மறுநாளே தங்கள் பாங்குக்குப் போய் எத்தனை வருஷம் மிச்சம் என்று கேட்டார்கள். ஒருவர் திரும்பி வரும்போது முகம் சரியில்லை. மாமாதான் டீ வாங்கிக் கொடுத்தார்.

எனக்கு அந்த வீட்டில் ஹாலில் ஜன்னலோரம் ஒரு நாற்காலி. சிமெண்டுத் தரை. அக்காவோடும் மாமாவோடும் நான் போட்ட சண்டையெல்லாம் அங்கே உட்கார்ந்துதான். "பாங்க் பக்கம் எவ்வளவு வேணா கத்து. நம்ம பக்கம் வந்தா மரியாதை" என்பது மாமா போட்ட சட்டம்.

இப்போது அவருக்கு ஐம்பத்திரண்டு. படி ஏறும்போது கைப்பிடியைப் பிடித்துக்கொள்கிறார். தடிமனான முட்டி உறை போடாமல் வேலைக்கு உட்காருவதில்லை. போன மாதம் போயிருந்தேன். நாற்காலியில் உட்கார்ந்து வழக்கம்போல் ஏதோ சண்டையைத் தொடங்கியிருந்தேன். மாமா கலவைச் சட்டியோடு வந்து நின்றார்.

"எழுந்திரும்மா."

"ஏன், வாயை மூடச் சொல்றதுக்கு இப்படி ஒரு வழியா?"

"எழுந்திரு. பாதியைத் தாண்டிருச்சு."

நாற்காலியை அவரே தூக்கி வெளியே வைத்தார். அக்கா ஒரு தலையணையைக் கொண்டுவந்து அவர் முட்டிக்குக் கீழே தள்ளினாள். நிதானமாகத்தான் போட்டார். ஒவ்வொரு டைலையும் வைத்து, தட்டி, ரசமட்டத்தைப் பார்த்து, மறுபடி தட்டி. மூன்றாம் நாள் காய்ந்தபின் கூப்பிட்டார்கள். போனேன். என் நாற்காலி பழைய இடத்திலேயே, வெள்ளையில் நீலக் கோடு போட்ட டைல்ஸின் மேல் இருந்தது.

உட்கார்ந்தேன். "அப்ப இனிமே நான் எங்க உக்காந்து சண்டை போடறது?"

"வாசல் பக்கம் இன்னும் அஞ்சு வருஷத்துக்கு இருக்கு. அங்க போ" என்றார்.

"அஞ்சு வருஷம் தாங்குமா மாமா?" முட்டியைத்தான் கேட்டேன். கேட்டிருக்க வேண்டாமோ என்று அப்புறம்தான் தோன்றியது.

அவர் வலது முட்டியை ஒரு தட்டுத் தட்டினார். "டாக்டர்கிட்ட போன வாரம் படம் எடுத்துப் பாத்தாச்சு. நீங்க சொன்ன கெடு அம்பத்தேழு வரைக்கும், கடனும் அம்பத்தேழு வரைக்கும்னு சொன்னேன். ரெண்டையும் சேத்து முடிச்சுக்கலாம், உறையைக் கழட்டாதீங்கன்னாரு."

வெளியே மழை பிடித்துக்கொண்டது. மாமா எழுந்து ஜன்னலைச் சாத்தினார். பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் நாளுக்கு நாலு தரம் கேட்டுச் சலித்து, இந்த ஏழு வருஷமாகக் கேட்காமல் போன அந்தச் சொல்லுக்காக நானும் அக்காவும் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

"நமக்கென்ன," என்றார், "பாதி சொந்த வீடு."